இடையில் விட்டுப்போன 45 நாட்கள்: ஒரு சாம் பதிவு காலாவதியானபோது நடந்தது

2024 மே மாதம் வந்த அந்தக் கடிதம் ஒன்றரைப் பக்கம்தான். வர்ஜீனியாவில் இயங்கும் ஒரு சிறிய துப்புரவு நிறுவனத்துக்கு, கூட்டாட்சி அரசு அலுவலகக் கட்டடம் ஒன்றின் பராமரிப்பு டெண்டர் சம்பந்தமாக ஒப்பந்த அதிகாரி எழுதியது. முதல் ஆண்டும், அதன்மேல் அரசு விரும்பினால் நீட்டிக்கக்கூடிய நான்கு ஆண்டுகளும் கொண்ட ஒப்பந்தம். 14 பேர் இரவுப் பணி செய்யும் நிறுவனத்துக்கு அது பெரிய விஷயம். கடிதத்தில் விலையைப் பற்றியோ வேலைத் தரத்தைப் பற்றியோ ஒரு வரிகூட இல்லை. முன்மொழிவு கொடுத்த நாளுக்கும் முடிவெடுக்கும் நாளுக்கும் இடையில், அரசுக்கு விற்பவர்கள் வைத்திருக்க வேண்டிய சாம் பதிவு உங்களுக்குச் செயலில் இல்லை, ஆகவே நீங்கள் தகுதி பெறவில்லை. சொன்னது அவ்வளவுதான்.

அந்த முன்மொழிவைத் தயார் செய்ததில் எனக்கும் பங்கு உண்டு. சிறு நிறுவனங்களுக்கு அரசு டெண்டர் காகிதங்களைப் பார்த்துக் கொடுப்பது என் தொழில். இந்த நிகழ்வை உரிமையாளரின் அனுமதியோடு எழுதுகிறேன். நிறுவனத்தின் பெயரும் துறையின் பெயரும் தேவையில்லை. தேதிகள்தான் தேவை.

அறிமுகமில்லாதவர்களுக்குச் சுருக்கமாக: அமெரிக்கக் கூட்டாட்சி அரசுக்குப் பொருளோ சேவையோ விற்க விரும்பும் நிறுவனம் சாம் டாட் காவ் (SAM.gov) என்ற தளத்தில் பதிவு செய்திருக்க வேண்டும். பொதுச் சேவைகள் நிர்வாகம், அதாவது ஜி.எஸ்.ஏ., இதை நடத்துகிறது. முன்பு தனித்தனியாக இருந்த ஒப்பந்ததாரர் பதிவு, உறுதிமொழிகள், தடை செய்யப்பட்டவர்கள் பட்டியல் ஆகியவற்றை ஒன்றாக்கி 2012 ஜூலையில் தொடங்கினார்கள். பதிவுக்குக் கட்டணம் ஒரு காசு கிடையாது. ஒருமுறை பதிந்தால் 365 நாட்கள் செல்லும், அதற்குள் புதுப்பிக்க வேண்டும். 2022 ஏப்ரல் 4 முதல் பழைய டன்ஸ் எண்ணுக்குப் பதிலாக, யூ.ஈ.ஐ. என்ற 12 எழுத்து-எண் அடையாளத்தை இந்தத் தளமே கொடுக்கிறது.

இப்போது தேதிகள். இந்த நிறுவனத்தின் பதிவு 2024 மார்ச் 3, ஞாயிற்றுக்கிழமை காலாவதியாக இருந்தது. முன்மொழிவை நாங்கள் கொடுத்தது ஜனவரி 18. அன்று காலை நான் தளத்தைத் திறந்து பார்த்தேன். "செயலில் உள்ளது" என்று இருந்தது. திருப்தியோடு மூடிவிட்டேன். அந்தச் சொல்லுக்குப் பக்கத்திலேயே காலாவதித் தேதியும் இருக்கிறது. அதை என் கண் பார்த்தது, மனம் கணக்குப் போடவில்லை. ஒரு டெண்டரை மதிப்பிட்டு முடிவெடுக்க அரசுக்கு மூன்று நான்கு மாதம் ஆவது சாதாரணம். ஜனவரியில் கொடுத்ததற்கு மார்ச்சுக்குள் முடிவு வராது என்பது இந்தத் தொழிலில் இருக்கும் எவருக்கும் தெரியும். எனக்கும் தெரியும். அந்த இரண்டு தகவலையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கவில்லை என்பதுதான் என் தவறு. அன்றைக்கே புதுப்பிப்பைத் தொடங்கியிருந்தால் இந்தக் கட்டுரைக்கே வேலை இல்லை.

மார்ச் 11, திங்கட்கிழமை உரிமையாளர் கூப்பிட்டார். அவரிடம் அப்போது இன்னொரு சிறிய அரசு ஒப்பந்தம் நடந்துகொண்டிருந்தது.

"தம்பி, சாம்ல நாம இருக்கோமா இல்லையா? பில்லு நிக்குதுன்னு கணக்குப் பிரிவுல இருந்து மெயில் வந்திருக்கு."

"இருக்கோம் அக்கா, போன வருஷம்தானே புதுப்பிச்சோம்" என்று சொல்லிக்கொண்டே தளத்தைத் திறந்தேன். காலாவதியாகி எட்டு நாள் ஆகியிருந்தது.

பில் நின்றதற்கும் காரணம் உண்டு. அரசு பணத்தை மின்னணு முறையில் அனுப்புவது சாமில் நாம் கொடுத்திருக்கும் வங்கி விவரத்தை வைத்துத்தான். பதிவைக் கடைசித் தொகை கைக்கு வரும்வரை சரியாக வைத்திருப்பது ஒப்பந்ததாரரின் பொறுப்பு என்று ஒப்பந்தத்திலேயே எழுதியிருக்கிறது. 14 பேருக்கு இரண்டு வாரத்துக்கு ஒருமுறை சம்பளம் போட வேண்டிய நிறுவனத்தில் அந்தப் பில் நின்றது சின்னச் சங்கடம் இல்லை. உரிமையாளர் தன் சேமிப்பிலிருந்து எடுத்துத்தான் அந்த மாதத்தைத் தாண்டினார். உண்மையில் அந்த நேரத்தில் எங்கள் கவலையெல்லாம் இந்தப் பில் மேல்தான் இருந்தது. ஜனவரியில் கொடுத்த முன்மொழிவு எங்கள் நினைவிலேயே இல்லை.

நினைவூட்டல் ஏன் வந்து சேரவில்லை

சாம் நினைவூட்டாமல் விடுவதில்லை. காலாவதிக்கு 60 நாள், 30 நாள், 15 நாள் முன்னால் மின்னஞ்சல் அனுப்புகிறது. எங்கள் கணக்கில் அவை ஜனவரி 3, பிப்ரவரி 2, பிப்ரவரி 17. மூன்றும் போயிருந்தன. போய்ச் சேர்ந்த இடம்தான் தவறு. பதிவை நிர்வகிக்கும் அதிகாரம் பெற்றிருந்த ஒரே ஊழியர் முந்தைய ஆண்டு இலையுதிர் காலத்திலேயே வேலையை விட்டுப் போயிருந்தார். அவருடைய அஞ்சல் பெட்டியை யாரும் மூடவும் இல்லை, திறந்து பார்க்கவும் இல்லை. கடைசியில் கடவுச்சொல்லை மாற்றி உள்ளே போனபோது மூன்றும் படிக்கப்படாமல் தடித்த எழுத்தில் இருந்தன. முதல் நினைவூட்டல் வந்து 15 நாள் கழித்துத்தான் நாங்கள் முன்மொழிவையே கொடுத்திருக்கிறோம்.

இதோடு இன்னொன்றும் சேர்ந்துகொண்டது. புதிதாக வந்த அலுவலக மேலாளர் மிகவும் கவனமானவர். அவருக்கு நாள்தோறும் "உங்கள் சாம் பதிவு முடியப்போகிறது, உடனே பணம் கட்டுங்கள்" என்ற மாதிரி அஞ்சல்கள் வந்துகொண்டிருந்தன. பதிவில் இருக்கும் தொடர்பு விவரங்களை எடுத்துக்கொண்டு, இலவசமான வேலைக்கு நூற்றுக்கணக்கில் டாலர் கேட்கும் தனியார் ஆட்கள் அனுப்புபவை அவை. பார்க்க அரசுக் கடிதம் போலவே இருக்கும். அவற்றை நம்பாதீர்கள் என்று நான்தான் அவருக்குச் சொல்லியிருந்தேன். அவர் ஒரு விதி போட்டு, சாம் என்ற சொல் வரும் எல்லாவற்றையும் நேரே குப்பைக்கு அனுப்பிவிட்டார். மோசடியிலிருந்து தப்பிக்கச் செய்த காரியம், உண்மையான எச்சரிக்கை ஒருவேளை அவருக்கு வந்திருந்தாலும் அதையும் விழுங்கியிருக்கும். அவர் மேல் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை. அனுப்புநர் முகவரி காவ் என்று முடிகிறதா என்று மட்டும் பார்க்கச் சொல்லியிருக்க வேண்டியவன் நான்.

மீண்டும் உயிர் பெற எடுத்த 37 நாட்கள்

"அப்ளை பண்ணா ரெண்டு நாள்ல வந்துடும்ல?" என்று அக்கா கேட்டார். மார்ச் 11-இல் கண்டுபிடித்தோம். ஏப்ரல் 17-இல்தான் பதிவு மறுபடி செயலுக்கு வந்தது. இந்த நாட்கள் எங்கே போயின என்பதை விரிவாகச் சொல்கிறேன். ஏனென்றால் பலர் காலாவதியை மறதியின் விளைவு என்று மட்டும் நினைக்கிறார்கள். மறதி கதவைத் திறந்துவிடுகிறது, அவ்வளவுதான். நாட்களைத் தின்பது பொருந்தாத விவரங்கள்.

முதல் தடை, உள்ளே நுழைய ஆள் இல்லை. நிர்வாகியாக இருந்த ஒரே ஊழியர் போய்விட்டதால், புதிய நிர்வாகியை நியமித்து நிறுவனத்தின் கடிதத்தாளில் எழுதி, பொறுப்பில் உள்ளவர் நோட்டரி முன்னால் கையெழுத்திட்டு அனுப்ப வேண்டும். இது ஏன் இவ்வளவு கெடுபிடி என்று அக்கா கோபப்பட்டார். காரணம் நியாயமானதுதான். சாம் தளத்தில் மோசடி நடப்பது பற்றிய விசாரணையை 2018 மார்ச்சில் ஜி.எஸ்.ஏ. வெளிப்படையாக அறிவித்தது. வங்கி விவரத்தை மாற்றிவிட்டால் அரசு அனுப்பும் பணம் வேறு கணக்குக்குப் போய்விடும். நோட்டரி கடிதம் கேட்கும் வழக்கம் அதற்குப் பிறகு வந்தது. அந்தப் பூட்டு நம் பணத்தைக் காக்கப் போட்டது. ஆனால் சாவி ஒரே ஆளிடம் இருந்தால் நாமும் வெளியே நிற்க வேண்டியதுதான்.

இரண்டாவது தடையில்தான் அதிக நாள் கரைந்தது. நிறுவனம் முந்தைய இலையுதிர் காலத்தில் அலுவலகம் மாறியிருந்தது. அதே சாலையில் நான்கு கட்டடம் தள்ளி. சாமில் பழைய முகவரியே இருந்தது. புதிய முகவரியைப் போட்டதும் தளம் அதைத் தன் தரவுகளில் தேடியது, பொருந்தவில்லை, ஆவணம் கேட்டது. நிறுவனத்தின் சட்டப்பூர்வப் பெயரும் அது இயங்கும் முகவரியும் ஆவணத்தில் சேர்ந்து தெரிய வேண்டும். தபால் பெட்டி எண் செல்லாது.

முதலில் மாநிலத்தில் பதிவு செய்த சான்றிதழை அனுப்பினோம். பெயர் மிகச் சரி. முகவரியாக இருந்தது சட்ட அறிவிப்புகளைப் பெற்றுக்கொள்ளும் பதிவு முகவருடைய முகவரி. திரும்பி வந்தது. அடுத்து மின் கட்டண ரசீது. முகவரி சரி, ஆனால் இணைப்பு உரிமையாளரின் சொந்தப் பெயரில் எடுத்தது. அதுவும் திரும்பி வந்தது. மூன்றாவதாக வங்கிக் கணக்கு அறிக்கை. அதில் பெயரும் இருந்தது, புதிய முகவரியும் இருந்தது. ஆனால் அறை எண் இல்லை. வங்கிக்குப் போய் அறை எண்ணைச் சேர்க்கச் சொல்லி, அடுத்த அறிக்கை வரும்வரை காத்திருந்து அனுப்பிய பிறகுதான் ஏற்றார்கள். அந்த அறிக்கையை இரண்டு பேரும் மேசையில் விரித்து, சாமில் தட்டச்சு செய்திருந்ததோடு ஒவ்வொரு எழுத்தாக விரலை வைத்து ஒப்பிட்டுப் பார்த்தோம். இப்போது என்னிடம் யார் வந்தாலும் முதலில் கேட்பது அந்த ஒரு காகிதத்தைத்தான்.

(2022-இல் யூ.ஈ.ஐ. மாற்றம் வந்த கோடையில் இந்தச் சரிபார்ப்பு வரிசை மிகவும் நீண்டு, நிறுவனங்கள் வாரக்கணக்கில் காத்துக் கிடந்தன. இப்போது அந்த நெரிசல் இல்லை. எங்கள் தாமதம் எங்கள் காகிதத்தால் வந்தது.)

வரி எண்ணைச் சரிபார்க்கும் படி எங்களுக்குச் சிக்கலில்லாமல் முடிந்தது. மற்றவர்கள் இங்கேதான் தடுக்கி விழுகிறார்கள். படிவத்தில் வரி செலுத்துபவரின் பெயர் என்று தனியாக ஓர் இடம் உண்டு. அங்கே வருமான வரித் துறையான ஐ.ஆர்.எஸ். ஏட்டில் எப்படி இருக்கிறதோ அப்படியே எழுத வேண்டும். நாம் வழக்கமாக எழுதும் பெயரை எழுதினால் பொருந்தாது.

கடைசி நிலை, நிறுவனத்தை அடையாளம் காட்டும் கேஜ் கோடு. ஐந்து எழுத்து-எண் கொண்ட இந்தக் குறியீட்டைப் பாதுகாப்புத் துறையின் தளவாட முகமையான டி.எல்.ஏ. கொடுக்கிறது. முகவரி மாறியதால் அவர்கள் விளக்கம் கேட்டு அஞ்சல் அனுப்பினார்கள். குறித்த நாளுக்குள் பதில் வராவிட்டால் விண்ணப்பம் திருப்பி அனுப்பப்பட்டு மறுபடி சமர்ப்பிக்க வேண்டியிருக்கும். அந்த அஞ்சல் எங்கே போயிருக்கும் என்று இந்நேரம் யூகித்திருப்பீர்கள். போய்விட்ட ஊழியரின் பெட்டிக்கே. நிர்வாகியை மாற்றியிருந்தோம், தொடர்பு நபர் என்ற பகுதியை மாற்றவில்லை. அது வேறு திரை. நல்லவேளை, அதற்குள் அந்தப் பெட்டியை நாள்தோறும் திறந்து பார்க்கத் தொடங்கியிருந்தோம்.

அவசரத்தில் நடந்த ஒன்றையும் சொல்ல வேண்டும். புதுப்பிக்கும்போது நிறுவனத்தின் அளவு, உரிமை, வரிப் பாக்கி போன்ற உறுதிமொழிகளையும் மறுபடி ஏற்று ஒப்பமிடுகிறோம். துப்புரவுச் சேவைக்கான 561720 என்ற தொழில் குறியீட்டில் சிறு நிறுவனமாகக் கருதப்பட, ஐந்து ஆண்டுச் சராசரி வருவாய் 2.2 கோடி டாலருக்கு மிகாமல் இருக்க வேண்டும். இவர்கள் அந்த எல்லைக்கு வெகு கீழே. ஆனாலும் "எல்லாத்துக்கும் சரின்னு போட்டு அனுப்பிடுவோம் தம்பி" என்று அக்கா சொன்னபோது நான் ஒப்பவில்லை. அவை அரசுக்குக் கொடுக்கும் வாக்குமூலங்கள். தப்பாகச் சொன்னால் ஒப்பந்தம் போவதோடு நிற்காது. ஒரு மாலை முழுவதும் உட்கார்ந்து படித்துத்தான் ஒப்பமிட்டோம்.

அந்த ஒரு சொல்

மார்ச் 3 முதல் ஏப்ரல் 17 வரை 45 நாட்கள். முன்மொழிவு கொடுத்த நாளில் பதிவு இருந்தது. முடிவெடுத்த நாளில் பதிவு இருந்தது. பிறகு எப்படித் தகுதி போனது?

கூட்டாட்சிக் கொள்முதல் விதித் தொகுப்பான ஃபாரில் 52.204-7 என்று ஒரு பிரிவு உண்டு. அன்று இருந்த அதன் வாசகம், முன்மொழிவு கொடுக்கும்போது பதிவு இருக்க வேண்டும் என்பதோடு, ஒப்பந்தம் வழங்கும்வரையும் வேலை நடக்கும்போதும் கடைசிப் பணம் பெறும்வரையும் பதிவு "தொடர்ந்து" இருக்க வேண்டும் என்றது. அந்தத் "தொடர்ந்து" என்ற சொல்லை எப்படிப் படிப்பது? பல அதிகாரிகள் தளர்வாகப் படித்தார்கள், இடையில் சில நாள் விட்டுப்போனதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. 2023-இல் கூட்டாட்சி உரிமைக்கோரல் நீதிமன்றம் மிரிடியன் என்ற நிறுவனம் தொடுத்த வழக்கில் நேராகப் படித்தது. ஒப்பந்தம் பெற்ற போட்டியாளரின் பதிவு இடையில் காலாவதியாகியிருந்தது, தொடர்ந்து என்றால் இடைவெளி இல்லாமல் என்றுதான் பொருள், ஆகவே அவருக்குத் தகுதி இல்லை என்றது. 2024 ஏப்ரல் 1 அன்று டி.எல்.எஸ். கூட்டு நிறுவனத்தின் முறையீட்டில் அரசு பொறுப்புடைமை அலுவலகமான ஜி.ஏ.ஓ.வும் அதே வழியில் முடிவு சொன்னது. எங்கள் பதிவு உயிர் பெறுவதற்கு 16 நாள் முன்னால்.

கடிதம் வந்ததும் வழக்கறிஞரிடம் போனோம். ஜி.ஏ.ஓ.விடம் முறையிட, காரணம் தெரிந்த நாளிலிருந்து பத்து நாள்தான் அவகாசம். அவர் இந்த இரண்டு முடிவுகளையும் எடுத்து வைத்து, முறையிடுவது உங்கள் உரிமை, ஆனால் வழி தெரியவில்லை என்றார். முறையிடவில்லை. அந்த அதிகாரி மேல் எனக்கு வருத்தம் இல்லை. அன்றிருந்த விதியின்படி அவர் வேறு எதையும் எழுதியிருக்க முடியாது.

விதியின் மேல் எனக்கு வருத்தம் உண்டு. ஒரு நிறுவனம் உண்மையானதா, வரிப் பாக்கி இருக்கிறதா, தடைப் பட்டியலில் இருக்கிறதா என்று பார்ப்பதற்காக வந்த பதிவு இது. முன்மொழிவு அன்றும் ஒப்பந்தம் அன்றும் அவை சரியாக இருந்தால் அரசுக்கு என்ன குறை? இந்தக் கேள்வி பலருக்கும் எழுந்திருக்கிறது. 2024 நவம்பர் 12 அன்று நடைமுறைக்கு வந்த இடைக்கால விதி வாசகத்தைத் திருத்தியது. முன்மொழிவு கொடுக்கும்போதும் ஒப்பந்தம் வழங்கும்போதும் பதிவு இருக்க வேண்டும், இடைப்பட்ட காலத்தில் விட்டுப்போனால் அதற்காகவே தள்ள வேண்டியதில்லை என்று தெளிவாக்கியது. அதே 45 நாள் இடைவெளி அந்தத் தேதிக்குப் பிறகு வெளியான டெண்டரில் நேர்ந்திருந்தால் இவர்கள் போட்டியில் நின்றிருப்பார்கள். செய்தியைச் சொன்னபோது அக்கா கொஞ்ச நேரம் பேசவில்லை. "நமக்கு வந்துருக்குமா தெரியாது தம்பி. ஆனா பார்த்துட்டு வேண்டாம்னு சொல்லியிருந்தா மனசு ஆறியிருக்கும்" என்றார்.

திருத்தம் வந்துவிட்டதே என்று இளைப்பாற முடியாது. முடிவெடுக்கும் நாள் எது என்று நமக்கு முன்கூட்டித் தெரியாது. அந்த ஒரு நாளில் பதிவு இல்லாமல் போனால் இன்றும் அதே கதிதான். வேலை நடக்கும்போது பதிவு விட்டுப்போனால் பில் நிற்பதும் அப்படியே இருக்கிறது. தவிர, 2025 ஏப்ரலில் வந்த அதிபரின் நிர்வாக ஆணைக்குப் பிறகு ஃபார் முழுவதையும் மாற்றி எழுதும் வேலை தொடங்கியது. ஆகவே ஒவ்வொரு டெண்டரிலும் இந்தப் பிரிவு எந்த வாசகத்தோடு சேர்க்கப்பட்டிருக்கிறது என்று அந்த ஆவணத்திலேயே படிக்க வேண்டும். போன முறை படித்ததை நம்பக் கூடாது.

இப்போது நாங்கள் செய்வது

புதுப்பிக்கக் காலாவதி நெருங்கும்வரை காத்திருக்கத் தேவையில்லை. எப்போது வேண்டுமானாலும் செய்யலாம். சமர்ப்பித்த நாளிலிருந்து புதிதாக 365 நாள் தொடங்கும். பழைய பதிவு செயலில் இருக்கும்போதே தொடங்கினால், சரிபார்ப்பு நடக்கும் காலத்தில் அது தன் காலாவதித் தேதிவரை செயலிலேயே இருக்கும். ஆவணம் திரும்பி வந்தாலும் சந்தையில் நிற்கிறோம். எனவே ஒரு டெண்டரில் கலந்துகொள்ளத் தீர்மானித்ததுமே காலாவதித் தேதியைப் பார்க்கிறேன். முன்மொழிவு நாளிலிருந்து ஆறு மாதத்துக்குள் அது விழுந்தால், விலைக் கணக்கைத் தொடுவதற்கு முன் புதுப்பிப்பைத் தொடங்குகிறோம். ஆறு மாதம் என்பது விதி இல்லை, என் அனுபவத்தில் நான் வைத்துக்கொண்ட அளவு.

நிர்வாகிகள் இப்போது இரண்டு பேர், அதில் ஒருவர் உரிமையாளரே. முன்பு "எனக்கு எதுக்கு தம்பி இதெல்லாம்" என்று ஒதுங்கியவர், இப்போது தானே உள்ளே போய்ப் பார்க்கிறார். தொடர்பு அஞ்சல் முகவரி எந்த ஆளின் பெயரிலும் இல்லை, நிறுவனத்தின் பொது முகவரியாக மாற்றி மூன்று பேர் படிக்கிறார்கள். யாராவது வேலையை விட்டால் சாவியைத் திருப்பி வாங்கும் அதே தாளில் சாம் என்று ஒரு வரி சேர்த்திருக்கிறோம். முகவரி மாறினால் முதலில் வங்கி, பிறகு மாநிலம், ஐ.ஆர்.எஸ்., அதன்பின் சாம். பெயரும் முகவரியும் அறை எண்ணோடு சேர்ந்திருக்கும் அந்த வங்கி அறிக்கையின் நகல் ஒன்று எப்போதும் கோப்பின் முதல் பக்கத்தில் இருக்கிறது.

அடுத்து இவர்கள் கலந்துகொண்ட டெண்டருக்கான முன்மொழிவை 2025 பிப்ரவரியில் அனுப்பினோம். பதிவை ஜனவரியிலேயே புதுப்பித்துவிட்டோம். அனுப்புவதற்கு முன் அக்கா தளத்தைத் திறந்து, திரையில் இருந்த காலாவதித் தேதியைச் சத்தமாக வாசித்தார். நான் அதைக் கோப்பின் மேலட்டையில் எழுதிக்கொண்டேன்.